வேலியைத் தின்ற ஆடு

ஆட்டுக்குட்டி தானாக எழும்பி நின்ற அன்று உன் அப்பப்பாவைப் பார்த்து, "நான் சொன்னது சரியாய்ப் போச்சுது, பாத்தீங்களோ மாமா" என்று நான் சொல்லவில்லை. சொல்வதற்கு எல்லா நியாயமும் என்னிடம் இருந்தது. வாய்வரை வந்ததை விழுங்கிக்கொண்டு, உன்னை ஓர் இடுப்பிலிருந்து மற்ற இடுப்புக்கு மாற்றிவிட்டு, அடுப்படிக்குள் போய்விட்டேன். அவர் முற்றத்தில் குந்தியிருந்து, நாலு காலும் நடுங்க நின்ற அந்தக் குட்டியையே பார்த்துக்கொண்டிருந்தார். தேத்தண்ணி கொண்டுபோய் வைத்தேன். அது ஆறிப்போகும்வரை அவர் அதைத் தொடவில்லை.

இருபது வருடத்துக்கு மேலாகிவிட்ட அந்தக் கதையை இப்போது எழுதுவதற்குக் காரணம் நீதான். முந்தநாள் மத்தியானம் சாப்பாட்டுக் கோப்பையை வழித்துக்கொண்டே நீ சொன்னாய்: "முதல் நாளே எல்லாரையும் மைதானத்தைச் சுத்தி ஓட விடப்போறன் அம்மா. ஆர் ஓடுறான், ஆர் சோம்பேறி எண்டு உடன தெரிஞ்சிடும்." முசலிப் பக்கத்தில் உனக்கு முதல் நியமனம், விளையாட்டு ஆசிரியர் வேலை. உன் சந்தோசத்தைப் பார்க்க எனக்கும் சந்தோசமாக இருந்தது. "இன்னும் கொஞ்சம் சோறு போடவோ" என்று மட்டும் கேட்டேன். எதிரில் இருக்கும் ஆளிடம் பேசுவதைவிட, அவர் எழும்பிப் போன பிறகு எழுதுவது எனக்குச் சுலபம். அது உனக்குத் தெரியும். அதனால் பேருந்தில் வாசிப்பதற்கு இதைத் தருகிறேன். காற்று வாங்கும் பக்கத்து யன்னலில் இருந்து வாசி.

நான் பிறந்தது மலைநாட்டில், ஒரு தேயிலைத் தோட்டத்து லயத்து வீட்டில். கலவரத்தில் எல்லாம் எரிந்து என் பெற்றோர் உயிலங்குளம் பக்கம் வந்து குடியேறியபோது நான் சிறுபிள்ளை. அங்கே பள்ளிக்கூடத்தில் ஓர் அலுமாரி நிறையப் புத்தகங்கள் இருந்தன. நான் கதைப் புத்தகங்களை முடித்துவிட்டு, யாரும் தொடாத மற்றவற்றையும் வாசித்தேன். கிணறு வெட்டுவது, தேனீ வளர்ப்பது, கால்நடை வளர்ப்பது, எதையும் விடவில்லை. உன் அப்பா என்னை விரும்பிக் கட்டினார். அடம்பனுக்குக் கிட்ட இருந்த அவர்களின் வீட்டுக்கு நான் வந்தபோது எனக்குப் பதினெட்டு வயது, உன்னைப் பெற்றபோது பத்தொன்பது. வயல்காரராகிய உன் அப்பப்பா என்னிடம் நேரே ஒருநாளும் கடுமையாகப் பேசியதில்லை. ஆனால் வருகிறவர்களிடம் "மகன் தோட்டக்காட்டுப் பிள்ளையெல்லோ கட்டியிருக்கிறான்" என்று எனக்குக் கேட்கும்படி சொல்லுவார். அதில் பாதி பகிடி, பாதி மனத்தாங்கல். எது எந்தப் பாதி என்று பிரித்தறிய எனக்குக் கொஞ்சக் காலம் பிடித்தது.

உனக்கு ஏழெட்டு மாதம் இருக்கும்போது எனக்கு மலேரியா வந்தது. காய்ச்சல் இறங்கியபோது பாலும் நின்றுவிட்டது. அப்போது பால்மா எங்கள் பக்கம் வருவதே இல்லை. உன் அப்பா மன்னார் பட்டினத்தில் ஓர் அரிசி ஆலையில் வேலை செய்தார். அது இராணுவம் இருந்த பக்கம், நாங்கள் இருந்தது இயக்கம் இருந்த மற்றப் பக்கம். உயிலங்குளத்துச் சோதனைச்சாவடியைத் தாண்டி அவரால் நினைத்தபடி வர முடியாது. வந்தாலும் பால்மாப் பெட்டி சாவடியில் நின்றுவிடும். கஞ்சித் தண்ணியில் நீ மெலிந்துகொண்டே போனாய். உன் முழங்கால் எலும்பு துருத்திக்கொண்டு தெரிந்தது. எங்களிடம் இருந்தது செந்நிறப் பெட்டை ஆடு ஒன்று. சிவப்பி என்று கூப்பிடுவோம். அது சினையாக இருந்தது. "அது குட்டி போட்டால் பிள்ளை தப்பிவிடும்" என்று அப்பப்பாவே வாய்விட்டுச் சொன்னார். சிவப்பிக்கு ஒரு குணம். குட்டி வந்து மடியை முட்டினால்தான் பால் இறக்கும். வெறும் கைக்கு ஒரு சொட்டும் விடாது. முந்தின ஈற்றில் குட்டியை நரி கொண்டுபோன அன்றோடு பாலை நிறுத்திவிட்ட ஆடு அது.

முந்தி எங்கள் ஊர் ஆடுகள் குளக்கட்டுக்கு அப்பால் உள்ள பற்றைக் காட்டுக்குள் மேயும். ஒரு கடி இதில், ஒரு கடி அதில் என்று நாள் முழுக்க நடந்து திரிந்து தின்னும். அந்த வருடம் இராணுவக் காவலரண் முன்னுக்கு வந்தது. பற்றைக்குள் மிதிவெடி புதைத்திருக்கிறார்கள் என்று கதை வந்தது, பிறகு ஒரு மாடு வெடித்து அந்தக் கதை மெய்யானது. அதற்குப் பிறகு ஒருவரும் ஆட்டை அவிழ்க்கவில்லை. மழையும் பொய்த்துப்போன வருடம். சிவப்பி மாதக்கணக்காக மரத்தடியில் கட்டி நின்று பழைய வைக்கோலைத் தின்றது. வயிறு புடைத்திருந்தது. வயிறு புடைத்திருந்தபடியால் ஒருவருக்கும் கவலை வரவில்லை.

அது இரட்டைக் குட்டி போட்டது. இரண்டும் கண் தெளிவாக, காது விடைத்துப் பிறந்தன. கொஞ்ச நாள் துள்ளின. பிறகு ஒரு காலை பார்த்தால் இரண்டும் எழும்ப ஏலாமல் கிடந்தன. பின்னங்கால்கள் மரக்கட்டை மாதிரி விறைத்திருந்தன. விரலை வாயில் வைத்தால் ஆவலாக உறிஞ்சின, மடிக்குப் போக மட்டும் கால் வரவில்லை. "இது வாதம். எண்ணெய் போட்டு உருவி, நடக்க விட்டால் சரி" என்றார் அப்பப்பா. எங்கள் பக்கத்தில் எல்லோரும் செய்வது அதுதான். வயிற்றுக்குக் கீழே ஒரு சால்வைத் துண்டைக் கொடுத்துத் தூக்கிப் பிடித்து, முற்றத்தைச் சுற்றி நடத்துவார்கள். அவர் பெரிய குட்டியை முதலில் நடத்தினார். வேப்பெண்ணெய் மணக்க மணக்க, "நட ராசா, நட, கள்ளம் அடியாதை" என்று கொஞ்சிக் கொஞ்சி நடத்தினார். அவர் அதை வதைத்தார் என்று நினைத்துவிடாதே. அவ்வளவு அன்பாக நடத்தினார். இரண்டாம் சுற்றில் அது தலையைத் தொங்கப்போட்டு, வாயால் மூச்சு வாங்கி, அவர் கைக்குள்ளேயே செத்துப்போனது.

பஞ்ச காலம். இறந்த குட்டியைப் புதைக்காமல் நாய்க்காவது ஆகட்டும் என்று அவர் வெட்டினார். நான் தண்ணி ஊற்றிக்கொண்டு பக்கத்தில் நின்றேன். தொடை இறைச்சி சிவப்பாக இல்லை. அவித்த மீன் மாதிரி வெளிறி, இடையிடையே வெள்ளைக் கோடு ஓடியிருந்தது. அப்போது எனக்கு அந்தப் பள்ளிக்கூட அலுமாரி ஞாபகம் வந்தது. கால்நடைப் புத்தகத்தில் எங்கோ ஒரு மூலையில் இதே வெளிறிய தசையைப் பற்றி வாசித்திருந்தேன். என்ன காரணம், என்ன மருந்து என்பது மறந்துவிட்டது. தீனியில் ஏதோ குறைவதால் வருகிறது என்பதும், நெஞ்சுத் தசையையும் அது பிடிக்கும் என்பதும் மட்டும் மனதில் இருந்தன. நான் நிமிர்ந்து பார்க்க, அப்பப்பா சால்வையை உதறிக்கொண்டு சின்னக் குட்டியிடம் போனார்.

எனக்குக் கோபம் வந்தால் மலைநாட்டுப் பேச்சு வந்துவிடும். "விடுங்க மாமா! அத நடக்க விடாதீங்க, செத்துப் போயிரும்!" என்று கத்திவிட்டேன். அந்த வீட்டில் நான் குரல் உயர்த்தியது அதுதான் முதல் தடவை.

அவர் திகைத்துப்போய்ப் பார்த்தார். "படுக்க விட்டால் மட்டும் எழும்புமோ? உங்கட தோட்டத்தில ஆட்டைப் படுக்கப் போட்டே வளத்தனீங்கள்?"

"அதுக்கு வாதம் இல்ல. இறைச்சி வெளிறிக் கிடந்தத நீங்களே பாத்தீங்கதானே. தீனி சரியில்ல."

"வைக்கோல் குவிஞ்சு கிடக்குது. ஆட்டின்ர வயித்தைப் பார், நாலு குட்டி கிடக்கிற மாதிரி. தீனி இல்லையாம்!"

நான் குட்டியை அவர் காலடியிலிருந்து தூக்கி மடியில் வைத்துக்கொண்டேன். மடியில் ஒரு பக்கம் நீ, மறு பக்கம் அது. அந்தக் குட்டியும் போனால் சிவப்பி பாலை நிறுத்திவிடும். பால் நின்றால் நீ இல்லை. எனக்கு அப்போது தெரிந்த கணக்கு இவ்வளவுதான்.

அடுத்த கிழமை சாவடியைத் தாண்டப் பாஸ் எடுத்து, உன்னையும் தூக்கிக்கொண்டு மன்னாருக்குப் புறப்பட்டேன். போகுமுன் ஒரு சாக்கைக் கூரை வளையில் கட்டித் தொட்டில் மாதிரித் தொங்கவிட்டு, குட்டியை அதற்குள் வைத்தேன். "மாமா, நான் வருமட்டும் இதை நிலத்தில விடாதேங்கோ. பால் நேரத்துக்குத் தூக்கி மடியில பிடியுங்கோ, முட்டட்டும். பிறகு திருப்பித் தொட்டிலில வையுங்கோ" என்றேன். "போட்டு வா, பாப்பம்" என்றார். அந்தப் 'பாப்பம்' வழியெல்லாம் என் காதில் கேட்டுக்கொண்டே வந்தது.

உன் அப்பா என்னை மிருக வைத்தியரிடம் கூட்டிக்கொண்டு போனார். அவருடைய கந்தோர் வாசலில் ஒரு கழுதை நின்று மட்டைப்பெட்டியைத் தின்றுகொண்டிருந்தது. நீ அதைப் பார்த்துச் சிரித்தாய். மெலிந்த பிறகு நீ சிரித்த முதல் சிரிப்பு அது. வைத்தியர் களைத்துப்போன மனிதர். நான் குட்டியின் காலைப் பற்றி மூச்சுவிடாமல் சொல்லிக்கொண்டு போக, கையைக் காட்டி நிறுத்தினார். "தங்கச்சி, நீங்கள் காலைப் பற்றியே கதைக்கிறியள். தாய் என்ன திண்டது? கடைசியாப் பச்சை எப்ப கண்டது?" என்று கேட்டார். வைக்கோல் என்றேன். எத்தனை மாதமாக என்றார். சொன்னேன். அவர் தலையை ஆட்டினார். நாள்பட்ட வைக்கோலில் வயிறு நிறையுமாம், தசைக்கு வேண்டியது இருக்காதாம். பச்சை இலையில் இருக்கும் ஒரு விட்டமின், மண்ணிலிருந்து இலைக்கு வரும் செலினியம் என்ற ஒரு தாது, இரண்டும் துளி அளவுதான் வேண்டும், அந்தத் துளி இல்லாவிட்டால் வயிற்றில் இருக்கும்போதே குட்டியின் தசை கெடத் தொடங்கும் என்றார். "கால் விறைச்சது வெளியில தெரியுது. உள்ள நெஞ்சும் அப்பிடித்தான் கிடக்கும். அதுதான் நடக்க விட்ட உடன செத்தது. எழும்பினாலும் கொஞ்சக் காலத்துக்கு ஓட, துள்ள விடாதேங்கோ."

அதற்கு ஊசி இருந்தது. அதைச் சாவடிக்கு அப்பால் கொண்டுபோக விடமாட்டார்கள். "அப்ப என்ன செய்யிறது ஐயா?" என்றேன். அவர் அலுமாரியைத் திறந்து ஒரு தாது உப்புக் கட்டியை எடுத்துத் தந்தார். செங்கல் மாதிரி, மண்ணிறமாக இருந்தது. ஆடு நக்குவதற்கு. "இதில அந்தத் தாதும் கொஞ்சம் இருக்குது. மற்றது பச்சை. எங்கையாவது பச்சை தேடுங்கோ. தாய்க்குக் குடுத்தால் பாலால குட்டிக்குப் போகும்." உன்னைப் பார்த்தார். "இவருக்கும் போகும்."

உயிலங்குளத்தில் என் பையைக் கிளறிய ஆமிக்காரன் அந்தக் கட்டியைக் கண்டதும் இரண்டடி பின்னுக்குப் போனான். "மே மொகத்த?" என்று துவக்கைத் திருப்பினான். இது என்ன என்று கேட்கிறான். வரிசையில் எனக்குப் பின்னால் நின்றவர்கள் விலகிப்போனார்கள். செங்கல் மாதிரி இருக்கும் ஒன்றை அந்த நாளில் யாரும் உப்பு என்று நம்பமாட்டார்கள். தோட்டத்தில் பிறந்ததால் எனக்குச் சிங்களம் வாயில் இருந்தது. "லுணு மாத்தயா, எலுவன்ட்ட" என்றேன். உப்பு ஐயா, ஆட்டுக்கு. அவன் நம்பவில்லை. நான் கட்டியை எடுத்து அவன் முகத்துக்கு முன்னால் நாக்கை நீட்டி நன்றாக ஒருதரம் நக்கினேன். நீயும் கையை நீட்டினாய், உனக்கும் காட்டினேன், நக்கி முகத்தைச் சுளித்தாய். அவன் சிரித்துவிட்டான். ருசி எப்படி என்று கேட்டான். ஆடுகள் இதுவரை முறைப்பாடு செய்யவில்லை என்று அவனுடைய மொழியிலேயே சொன்னேன். கத்தியால் கட்டியை இரண்டாகப் பிளந்து உள்ளே பார்த்துவிட்டு இரண்டு துண்டையும் தந்தான்.

வீட்டுக்குப் போனபோது குட்டி தொட்டிலில்தான் இருந்தது. "உன்ர ராசகுமாரன் பல்லக்கை விட்டு இறங்கவே இல்லை" என்றார் அப்பப்பா. முனகலாகத்தான் சொன்னார், ஆனால் தொட்டிலுக்கு அடியில் அவர் உடுக்கும் ஒரு பழைய சாரம் நாலாக மடித்து வைத்திருந்தது. விழுந்தாலும் நோகக்கூடாது என்று வைத்திருக்கிறார்.

இனிப் பச்சை. ஊர் முழுக்கக் காய்ந்து கிடந்தது. முருங்கையும் மொட்டை. பச்சை என்று இருந்தது ஒன்றே ஒன்று, எங்கள் வேலி. பூவரசும் கிளுவையும் நெருக்கி நட்டு, ஆள் உயரத்துக்கு மேல் அடைத்து நின்ற வேலி. தெருவால் ரோந்து போகிற இயக்கப் பெடியளின் கண், ஊர்க் கண் இரண்டிலிருந்தும் அந்த வேலிதான் என்னை மறைத்தது. புருசன் பக்கத்தில் இல்லாத பத்தொன்பது வயதுப் பெண்ணுக்கு வேலி என்றால் என்ன என்று நான் உனக்கு விளக்கத் தேவையில்லை. எனக்கு இயல்பிலேயே ஆட்கள் பார்ப்பது பிடிக்காது. அந்த வேலிக்குள்தான் நான் புத்தகம் வாசித்தேன், தலை உலர்த்தினேன், அழுதேன். காலையில் கத்தியை எடுத்துக்கொண்டு போய்த் தெருப் பக்கத்துக் கிளைகளை வெட்டத் தொடங்கினேன்.

அப்பப்பா ஓடிவந்தார். "உனக்கென்ன விசரோ? வேலியை வெட்டி ஆட்டுக்குப் போட்டிட்டு நாளைக்கு எங்க போய் ஒளிக்கப் போறாய்?"

"நான் ஒளிச்சிருந்தால் பிள்ளைக்குப் பால் வருமோ மாமா?"

"ஊர் என்ன சொல்லும்?"

"என்னத்தையும் சொல்லட்டும். ஊர் பால் தரேல்லையே."

அவர் என் கையிலிருந்து கத்தியை வாங்கினார். பறிக்கிறார் என்று நினைத்தேன். "உப்பிடி வெட்டினால் பட்டுப்போகும். கணுவுக்கு மேல வெட்ட வேணும்" என்று சொல்லி, தானே வெட்டிப் போட்டார். நாளுக்குக் கொஞ்சமாக வேலி குறைந்தது. தெருவால் போன அயல்வீட்டுக்காரி நின்று பார்த்து, "என்ன பிள்ளை, வீட்டைத் திறந்து படம் காட்டிறாய்?" என்றாள். "ஓம் அக்கா, ரிக்கற் காசு இல்லை, சும்மா வந்து பாருங்கோ" என்றேன். நான்தானா அப்படிச் சொன்னேன் என்று எனக்கே ஆச்சரியம். ரோந்து போனவர்கள் பார்த்துக்கொண்டு போனார்கள். நான் உன்னை மடியில் வைத்துக்கொண்டு, நிமிர்ந்து, முற்றத்தின் நடுவிலேயே இருந்தேன்.

சிவப்பி வேலியைத் தின்றது, உப்புக் கட்டியை நக்கியது. நாங்கள் குட்டியைத் தூக்கி மடியில் பிடித்தோம், அது முட்டியது, பால் இறங்கியது. பாதி அதற்கு, பாதி உனக்கு. முதலில் உன் கன்னத்தில் சதை வந்தது. பிறகு குட்டியின் கால் இளகியது. ஒருநாள் தொட்டிலிலிருந்து எடுத்து மணலில் வைத்தபோது, யாரும் பிடிக்காமல், யாரும் நட என்று சொல்லாமல், அது எழும்பி நின்றது. அன்றுதான் நான் ஒன்றும் சொல்லாமல் அடுப்படிக்குள் போனேன்.

முசலியில் உன் மைதானத்துக்கு வரப்போகிறவர்களில் சிலர் தேத்தண்ணியை மட்டும் குடித்துவிட்டு வருவார்கள். சிலர் அதுவும் இல்லாமல் வருவார்கள். அகதி முகாம்களில் வளர்ந்து, அண்மையில்தான் சொந்த ஊருக்குத் திரும்பிய வீடுகளின் பிள்ளைகள் அவர்கள். வயிறு நிரம்பிய மாதிரித்தான் இருக்கும், சிரிப்பார்கள், நீ ஓடு என்றால் ஓடுவார்கள். ஓட ஏலாதவனைச் சோம்பேறி என்று எழுதிவைக்குமுன் அவனைக் கூப்பிட்டு, காலையில் என்ன சாப்பிட்டாய் என்று கேள். எல்லோர் முன்னாலும் கேட்காதே, தனியே கேள். அவன் சோறு என்றால், சோற்றோடு என்ன என்று கேள். நீ பள்ளிக்கூடத்தில் ஓடி வாங்கிய கிண்ணங்களை நான் துடைத்து அடுக்கி வைத்திருக்கிறேன். அவற்றைப் பார்க்கும்போது உன் கால்களை நினைப்பதைவிட அந்தப் பூவரசங் கிளைகளைத்தான் அதிகம் நினைக்கிறேன். உனக்கு ஓடும் திறமை இருந்தது உண்மை. அதற்கு முன்னால் யாரோ தங்கள் வேலியை வெட்டியதும் உண்மை. பள்ளிக்கூடத்தின் பின்வளவில் இடம் இருந்தால் முருங்கையும் அகத்தியும் நடு. நீ வெட்ட வேண்டிய வேலி என்னவென்று அங்கே போனதும் உனக்கே தெரியும். தெரிந்தால் தயங்காதே, நீ செய்வாய் என்று எனக்கு நிச்சயம்.

குட்டி எழும்பி நின்ற கிழமையே ஷெல்லடி தொடங்கியது. ஊர் முழுவதும் மடுக் கோயில் பக்கம் நடந்தது. எல்லோரும் ஆடுகளை முன்னால் விட்டு ஓட்டிக்கொண்டு போனார்கள். கட்டி நின்று வைக்கோல் தின்ற வேறு ஆடுகளின் குட்டிகள் வழியில் கால் விறைத்து விழுந்தன, அவற்றைத் தாண்டிக்கொண்டுதான் நடந்தோம். நான் உன்னைத் தூக்கியிருந்தேன். அப்பப்பா நெல் மூட்டையை வீட்டிலேயே விட்டுவிட்டு, அந்தக் குட்டியைத் தோளில் போட்டு, அதன் நாலு காலையும் நெஞ்சோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டார். சிவப்பி அதன் குரலுக்குப் பின்னால் வந்தது. "இறக்கி விடுங்கோவன் அண்ணை, அது நடக்கும்" என்று ஆட்கள் சொன்னார்கள். அவர் பிடியை இறுக்கிக்கொண்டு நடந்தார். மடுவுக்குப் போய்ச் சேர்ந்து, ஒரு பாலை மரத்தடியில் குந்தி, சிவப்பியின் மடிக்கு நேராக அவர் அதை நிலத்தில் வைத்தார். அது முட்டியது. பால் இறங்கியது. நீ குடித்தாய்.